வாயில் முள் வைத்திருந்தவள்

ஒரே ஒரு ஊரிலே, அதுவும் பாதி வருஷம் பனி கொட்டுகிற கடலோரத்து ஊரிலே, மிக்மாக் என்ற பழங்குடியில் பீயேல் என்று ஒரு மீனவர் இருந்தார். சிங்கி இறால் பிடித்துக் காய்த்துப்போன கை. அந்தக் கையை வைத்துக்கொண்டு, தலை நரைத்த பிறகு முள்வேலை கற்க வந்தார்.

முள்ளம்பன்றியின் முள்ளுக்குச் சாயம் ஏற்றி, பிர்ச் மரப்பட்டையில் குத்தூசியால் துளையிட்டுச் செருக வேண்டும். நூல் கிடையாது, பசை கிடையாது. துளை தானே சுருங்கி முள்ளைப் பிடித்துக்கொள்ளும்.

சொல்லிக்கொடுத்தவள் பிலோமீன். அவருக்கு மகள் வயது.

முதல் நாளே பீயேல் வரிசையாகத் துளை போட்டுவிட்டார். முள்ளை எடுப்பதற்குள் எல்லாம் மூடிக்கொண்டன.

"வலைக்கண்ணுன்னு நினைச்சீங்களா மாமா? ஒரு துளை, ஒரு முள்."

"சரி, டீச்சரம்மா."

பனி உருகத் தொடங்கியபோது, கோட்டுக்குள்ளிருந்து ஒரு பெட்டி மூடியை எடுத்து வைத்தார். செத்துப்போன மனைவி அன்யேஸ் விட்டுப்போனது. அதில் முள்ளால் செய்த பாதி நட்சத்திரம். கடைசி முள்ளுக்குப் பக்கத்தில் ஊசி குத்திய தடம் ஒன்று.

"இங்கே என்ன நிறம் வைக்க நினைச்சிருப்பா?"

"உங்ககிட்ட சொல்லலையா?"

"அவ எங்கே சொன்னா! முள்ளு இளகணும்னு எப்பவும் வாயிலே வச்சு ஊறப்போட்டுக்கிட்டிருப்பா. பசிக்குதான்னு கேட்டா 'ம்'. குளிருதான்னு கேட்டா 'ம்'. சுவத்துக்கிட்டே பேசுற மாதிரி இருக்கும். எழுந்து படகைப் பார்க்கப் போயிடுவேன்." அவர் தடத்தைத் தடவினார். "ஒரு வார்த்தை, பிலோமீன். ஒண்ணே ஒண்ணு மிச்சம் வச்சிருந்தா போதும்."

பிலோமீன் கிண்ணத்திலிருந்து நாலைந்து முட்களை எடுத்து நீட்டினாள்.

"வாயிலே போட்டுக்குங்க. கூர் நாக்கிலே படாம."

போட்டுக்கொண்டார்.

"டீ வேணுமா மாமா?"

"ம்."

"படகுக்குத் தார் பூசியாச்சா?"

"ம்."

"நல்ல பேச்சுத்துணைதான் போங்க!" அவள் எழுந்து சால்வையைப் போர்த்திக்கொண்டாள். "நான் கிளம்புறேன்."

கதவைத் திறந்ததும் கடற்காற்று உள்ளே வந்தது. அவள் ஒரு காலை வெளியே வைத்தாள்.

"ம்ம்!"

பிலோமீன் திரும்பி வந்தாள். சால்வையோடே எதிரில் உட்கார்ந்தாள்.

பீயேல் அவசரமாக முட்களைக் கையில் துப்பினார். "இருன்னு சொன்னேன். போகாதே, கொஞ்சம் இருன்னு..."

"எதுக்கு முள்ளை எடுத்தீங்க?" என்றாள் அவள். "எனக்குத்தான் கேட்டுச்சே."

பீயேல் மூடியைத் திருப்பி, உள்பக்கத்தில் அன்யேஸ் மடித்துவிட்ட முள்முனைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஒரு சிவப்பு முள்ளை மட்டும் எடுத்து வாயில் வைத்துக்கொண்டார். மூடியைக் கோட்டுக்குள் செருகினார்.

கரையோரமாக நடந்து போனார். அன்று படகுப் பக்கம் திரும்பவில்லை. நேரே வீட்டுக்குப் போனார்.