உலகம்மாள் வீட்டுத் திரை

டீச்சரை நான் கடைசியாக உயிருடன் பார்த்தபோது அவர் படத்துக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார்.

பாளையங்கோட்டை தியாகராஜநகரில் ஒரு டாக்டர் வீடு. புது ப்ரொஜெக்டரை மாட்டி முடித்து முதல் படம் ஓடிக்கொண்டிருந்தது. வீட்டில் எல்லோரும் திரையைப் பார்த்தார்கள். டீச்சர் ஒரு ஸ்டூலைத் திருப்பிப் போட்டு அவர்களைப் பார்த்தார். எனக்கு வேறொரு வீட்டில் வேலை இருந்தது. கிளம்புகிறேன் என்றேன். முகத்தைத் திருப்பாமல் கையை மட்டும் அசைத்தார். மறுநாள் சர்ச்சுக்குப் புறப்படும்போது நெஞ்சு வலி வந்து இறந்துபோனார்.

பாக்கியசீலி என்பது பெயர். சில வருடம் பள்ளிக்கூடத்தில் அறிவியல் நடத்தியதால் ஊருக்கே டீச்சர். அந்த வேலையை விட்டுவிட்டு, பாளையங்கோட்டையில் வீடுகளுக்கு ப்ரொஜெக்டர் மாட்டிக்கொடுக்கும் கடை வைத்தார். என்னைவிட ரொம்ப இளையவர். ஆனாலும் இந்தத் தொழிலில் எனக்குக் குரு அவர்தான். அதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குப் பெருமை.

நான் பஸ் டிப்போவில் எலக்ட்ரீசியனாக இருந்து ஓய்வு பெற்றவன். மனைவி இறந்த பிறகு வீட்டில் இருக்கப் பிடிக்கவில்லை. டீச்சரிடம் போய் வேலை கேட்டேன். கொடுத்தார். கம்பெனிக்காரர்கள் மெஷினோடு தருகிற புத்தகங்களை எழுத்துக்கூட்டிப் படித்தேன். எந்த மெஷினில் வெளிச்சம் எவ்வளவு, எதில் கறுப்பு நல்ல கறுப்பாக விழும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன்.

ஒரு நாள் கேட்டேன்.

"இருக்கறதுலயே நல்ல ப்ரொஜெக்டர் எது டீச்சர்?"

"எல்லாத்தையும் படிச்சிட்டீங்கள்லா?"

"படிச்சிட்டேன்."

"அப்ப நீங்கதான் எனக்குச் சொல்லணும். அடுத்து வார வீடு உங்களுக்கு அண்ணாச்சி. நான் வாயத் திறக்க மாட்டேன்."

அடுத்து வந்தவர் உலகம்மாள். சமாதானபுரத்தில் மெஸ் நடத்துகிறவர். கணவர் இல்லை. ஒரே மகள் பேச்சியம்மாள். சென்னையில் பல வருடம் கேமராமேன்களுக்கு உதவியாக இருந்துவிட்டு, முதல் முறையாகத் தானே ஒரு படத்துக்கு ஒளிப்பதிவு செய்திருந்தாள். அந்தப் படம் தியேட்டருக்கு வரவில்லை. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆறு மணிக்கு நேராக ஓடிடியில் வரவிருந்தது. வீட்டில் ப்ரொஜெக்டர் மாட்டித் தெருவையே கூப்பிட்டுக் காட்டப்போவதாக உலகம்மாள் சொன்னார். பணம் மகளுடையது. ஆசை இவருடையது.

டிவியில் காட்டினால் என்ன என்று விளையாட்டாகக் கேட்டேன்.

"டிவியில பாத்தா சீரியல்னு நினைச்சிட்டுப் போயிருவாளுவ" என்றார். "பொம்பளப்புள்ள கேமராவத் தூக்குனா தோள் கோணிப்போவும், எவன் கட்டுவான்னு கேட்டாள்லா ஒருத்தி, எதுத்த வீட்டுக்காரி. அவளுக்கு முன்வரிசையில சேர் போட்டாச்சு."

எட்டு மணிக்கு வைத்துக்கொண்டால் நன்றாக இருட்டியிருக்குமே என்று சொல்லிப் பார்த்தேன். எட்டு மணிக்கு மெஸ்ஸில் கூட்டம் இருக்கும், சாப்பிட வருகிறவனை நிற்க வைத்துவிட்டு சினிமா பார்க்க முடியாது, ஆறு மணிதான் என்று முடித்துவிட்டார்.

நான் ஒரு மத்தியானம் போய் வீட்டை அளந்தேன். பெரிய ஹால். மேற்குச் சுவர் முழுக்கப் படம் விழும்படி திரை. கூரையில் மெஷின். ஜன்னல்களுக்குக் கறுப்புத் திரைச்சீலை. படம் உப்பளத்தில் நடக்கிற கதை, பாதிக்கு மேல் ராத்திரி என்று பேச்சியம்மாள் போனில் சொல்லியிருந்தாள். அதனால் இருட்டு அறைக்கென்றே செய்த மெஷினாகப் பார்த்து எடுத்தேன். கறுப்பு அதில் மை போல விழும். மாடல் பேரைக் கேட்டதும் அந்தப் பெண், "நல்ல செலக்‌ஷன் அங்கிள்" என்றாள். கேமரா பிடிக்கிறவளே சொல்லிவிட்டாள். அன்றைக்கு நான் சைக்கிளில் போகவில்லை, பறந்தேன்.

வியாழக்கிழமை சாயங்காலம் டீச்சர் பார்க்க வந்தார். திரைச்சீலைகளை இழுத்துவிட்டு, படத்தின் ட்ரெய்லரைப் போட்டேன். நிலா வெளிச்சத்தில் உப்புக் குவியல்கள். தொட்டால் கையில் ஒட்டும் போல இருந்தது. உலகம்மாள் நாற்காலியின் கையை இறுகப் பிடித்துக்கொண்டு பார்த்தார். டீச்சர் வழக்கம்போல ஸ்டூலைத் திருப்பிப் போட்டு உலகம்மாளைப் பார்த்தார்.

கொஞ்ச நேரத்தில் உலகம்மாள் எழுந்தார். முகம் கழுவிவிட்டு வந்து வாசல் கதவை அகலத் திறந்தார். ஹாலின் டியூப் லைட்டைப் போட்டார். கிழக்குச் சுவரை ஒட்டியிருந்த குத்துவிளக்கை ஏற்றி, கும்பிட்டுவிட்டு வந்து உட்கார்ந்தார்.

திரையில் ஒன்றும் இல்லை. துவைத்துத் துவைத்து வெளுத்த வேட்டி போல இருந்தது.

நாளைக்கு ஒரு நாள் மட்டும் லைட்டைப் போடாமல், விளக்கை அடுக்களைக்கு மாற்றி, கதவைச் சாத்திவைத்தால் போதும் என்று நான் பணிவாகச் சொன்னேன்.

உலகம்மாள் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"வெள்ளிக்கிழமையும் அதுவுமா, விளக்கு வைக்க நேரத்துல வீட்ட இருட்டடிக்கச் சொல்லுதீங்களா? அவ நல்லா இருக்கணும்னுதான இத்தன வருசமா வைக்கேன்."

"படம் தெரியாதேம்மா."

"தெரியாட்டிப் போவுது. எல்லாத்தையும் கழட்டிட்டுப் போங்க. வரச்சொன்னவங்ககிட்ட நான் சொல்லிக்கிடுதேன்."

குரல் உயரவில்லை. ஆனால் எதிர்த்த வீட்டு வாசலை ஒரு தரம் பார்த்துக்கொண்டார்.

வெளியே வந்து டீச்சரும் நானும் வேன் பக்கத்தில் நின்றோம். மெஷினில் குறை ஒன்றுமில்லை என்று விளக்கினேன். அந்த அம்மாதான் பிடிவாதம் பிடிக்கிறார் என்றேன்.

டீச்சர் கேட்டார்.

"உங்க வீட்ல சாயங்காலம் விளக்கு யாரு வைக்கா அண்ணாச்சி?"

"யாரும் இல்ல டீச்சர்."

"வீட்டம்மா இருக்கையில?"

"அவதான். ஒரு நாளும் தவற மாட்டா."

டீச்சர் வேன் கதவைத் திறந்து ஏறினார். 

காலையில் டீச்சரே வேனை ஓட்டிக்கொண்டு வந்தார். லைட்டும் விளக்கும் அதுபாட்டுக்கு எரியட்டும் என்று உலகம்மாளிடம் சொன்னார். நான் மாட்டியதையெல்லாம் என் கையாலேயே கழற்ற வைத்தார். திரையை மேற்கிலிருந்து கிழக்குச் சுவருக்கு மாற்றினார். குத்துவிளக்கு இருந்த இடத்திலேயே இருந்தது. இப்போது அது திரைக்குப் பக்கத்தில் நின்றது. அதன் வெளிச்சம் ஜனங்கள் மேல் விழும், திரைமேல் அவ்வளவாக விழாது. மெஷினும் வேறு. சுவரை ஒட்டிக் கீழே ஒரு பலகையில் வைக்கிற ரகம். திரையும் வேறு, சாம்பல் நிறம். கீழிருந்து வருகிற வெளிச்சத்தை எடுத்துக்கொண்டு, மேலேயிருந்து விழுகிற டியூப் லைட்டைத் தள்ளிவிடும். படமும் சிறியது. நான் விரித்ததில் பாதிக்குக் கொஞ்சம் மேல் இருக்கும்.

இதில் கறுப்பு அவ்வளவு கறுப்பாக வராதே என்று ஞாபகப்படுத்தினேன். வராது என்று டீச்சரும் ஒப்புக்கொண்டார்.

உலகம்மாள் வந்து பார்த்தார். "என்ன டீச்சர், திரை கரிப்பிடிச்சிருக்கு. எங்க மெஸ் அடுப்பு மாதிரி" என்றார். ஆனாலும் கழற்றச் சொல்லவில்லை.

மத்தியானம் யாரும் எதிர்பாராமல் பேச்சியம்மாள் வந்து இறங்கினாள். கட்டையாக முடி வெட்டியிருந்தாள். திரையைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது. போனில் சொன்ன மெஷின் எங்கே என்று என்னைக் கேட்டாள். நான் டீச்சரைப் பார்த்தேன். ராத்திரிக் காட்சிகளுக்காகத் தான் ஒரு மாதம் தூங்காமல் உழைத்திருக்க, அதை லைட்டைப் போட்டுக்கொண்டா பார்ப்பார்கள் என்று அம்மாவிடம் சண்டைக்குப் போனாள்.

"ஏட்டி, நீ அங்க ராத்திரியெல்லாம் முழிச்சிக்கிட்டு நிக்கையில, நான் இங்க விளக்கு வச்சிட்டுதான் சோறு வடிச்சேன்" என்றார் உலகம்மாள். பேச்சியம்மாள் கடைசி வரிசைக்குப் போய் உட்கார்ந்துகொண்டாள்.

ஆறு மணிக்கு முன்பே ஹால் நிறைந்துவிட்டது. வாசலிலும் ஆட்கள். எதிர்த்த வீட்டு அம்மா முன்வரிசையில், பட்டுப்புடவையில். உலகம்மாள் கதவைத் திறந்துவைத்து, லைட்டைப் போட்டு, விளக்கை ஏற்றினார். படம் ஆரம்பித்தது.

தெரிந்தது. டியூப் லைட் எரிய, பக்கத்தில் குத்துவிளக்கு எரிய, படம் தெளிவாகத் தெரிந்தது. முதலிலேயே பெயர்கள் வந்தன. ஒளிப்பதிவு, உ. பேச்சியம்மாள்.

எதிர்த்த வீட்டு அம்மா, அவள் அப்பா பெயர் சண்முகவேல்தானே, உ எப்படி வந்தது என்று வாய்விட்டுக் கேட்டார்.  கடைசி வரிசையிலிருந்து பேச்சியம்மாள், "எங்கம்மா பேரு, அத்தை. உலகம்மாள்" என்றாள்.

உலகம்மாளுக்கும் அது தெரியாது என்று அப்போதுதான் தெரிந்தது. அவர் திரும்பவில்லை. முதுகு மட்டும் நிமிர்ந்தது.

கதை போயிற்று. பிறகு அந்த ராத்திரிக் காட்சி வந்தது. நிலாவும் போய்விட்ட உப்பளம். ஒரு பெண் கையில் டார்ச் லைட்டோடு வரப்பில் நடந்து வருகிறாள். அந்தச் சிறு வெளிச்சத்தில் உப்பு ஒரு நொடி மின்னி மறைகிறது. இந்த இடத்தில்தான் இந்த மெஷின் தோற்கும் என்று எனக்குத் தெரியும். கறுப்பு சாம்பலாகத்தான் இருந்தது. பேச்சியம்மாள் தலையைக் குனிந்துகொண்டாள்.

உலகம்மாள் எழுந்தார். முன்வரிசையைத் தாண்டி, சுவரோரமாக நடந்து போய் டியூப் லைட்டை அணைத்தார்.

ஹாலில் குத்துவிளக்கு மட்டும் எரிந்தது. திரையில் உப்பளம் இறங்கி ஆழமாயிற்று. யாரோ மூச்சை உள்ளே இழுத்தார்கள்.

"விளக்குதான் எரியுதுல்லா. அது போதும்" என்று பொதுவாகச் சொல்லிவிட்டு வந்து உட்கார்ந்தார். உட்கார்ந்தவர் பக்கத்து ஆளை எழுப்பிவிட்டு, கையை நீட்டி மகளை முன்னால் கூப்பிட்டார். அவள் வந்தாள்.

படம் முடிந்து தெரு கலைய நேரமாயிற்று. எதிர்த்த வீட்டு அம்மா பேச்சியம்மாளின் தோளை இரண்டு கையாலும் அழுத்திப் பார்த்து, நேராகத்தான் இருக்கிறது என்று எல்லோருக்கும் கேட்கச் சொல்லிவிட்டுப் போனார். அன்றைக்கு மெஸ்ஸில் வந்தவர்களுக்கெல்லாம் ஒரு ஆம்லெட் அதிகம்.

வேனில் திரும்பும்போது எனக்கு ஆறவில்லை. கடைசியில் லைட்டை அணைத்தாகிவிட்டது. அப்படியானால் திரையை மட்டும் இடம் மாற்றி என் மெஷினையே வைத்திருக்கலாம். படமும் பெரியது, கறுப்பும் நல்ல கறுப்பு. டீச்சரிடம் அதைச் சொன்னேன்.

"ஆமா அண்ணாச்சி, உங்க மெஷின்தான் நல்ல மெஷின்" என்றார்.

"பின்ன ஏன் டீச்சர் மாத்துனீங்க?"

சமாதானபுரம் திருப்பத்தில் ஒரு பஸ்ஸுக்கு வழி விட்டு நின்றார். பஸ் போகும்வரை காத்திருந்துவிட்டுச் சொன்னார்.

"உங்க மெஷின் அந்தம்மாவ லைட்ட அணைக்கச் சொல்லுச்சு. இது சொல்லல."

டீச்சரின் கடை இப்போதும் பாளையங்கோட்டை முருகன்குறிச்சியில் இருக்கிறது. டீச்சர் இருந்தபோது போலவே ஞாயிற்றுக்கிழமை விடுமுறை.