முதலாளி கேட்காமல் திறந்த போன்

அரிசி மில் முதலாளி மருதப்பனுக்கும் மனைவி பவளத்துக்கும் ஒரு வாரமாகப் பேச்சில்லை. வீம்பில் அவர் தன் போனில் இருந்ததையெல்லாம் மொத்தமாக அழித்துவிட்டார். அதுவோ பழைய இமெயில் கணக்கைக் கேட்டுப் பூட்டிக்கொண்டது. அந்தக் கணக்கைத் தன் நம்பரில் போட்டுக்கொடுத்தவளே பவளம்தான்.

“அவகிட்ட நான் கேக்கமாட்டேன். ஆனா போன் திறக்கணும். இல்லேன்னா நாளைக்கு வேலைக்கு வராதே!” என்றார் டிரைவர் சவரிமுத்துவிடம்.

சவரிமுத்து தன் போனில் பவளத்தை அழைத்து நீட்டினான். “அம்மாவுக்கு ஓ.டி.பி. வந்திருக்கு. மில் சத்தத்துல எனக்குக் காது கேக்கலை. நீங்க ஒண்ணும் கேக்க வேணாம் ஐயா, அம்மா சொல்றதைத் திருப்பிச் சொல்லுங்க. நான் அழுத்துறேன்.”

“நாலு,” என்றாள் பவளம்.

“நாலு.”

“ஏழு.”

“ஏழு.”

எண்களெல்லாம் முடிந்தன. போன் திறந்தது.

“மீன்குழம்பு ரெடி, சாப்பிட வாங்க.”

“மீன்குழம்பு ரெடி, சாப்பிட வாங்க,” என்றார் முதலாளி.

சவரிமுத்து கார் சாவியை எடுத்தான். “நானுமா ஐயா?”