மண்குளவி கொடுத்த இடம்

குளத்தங்கரை வீட்டுச் சன்னலுக்கு மேலே ஒரு மண்குளவி கூடு கட்டியது. சேற்றை உருட்டி உருட்டிக் கொண்டுவந்து அறை அறையாகப் பூசியது. ஒவ்வோர் அறையிலும் ஒரு முட்டையிட்டு, பிள்ளை பசியாறப் புழுக்களையும் வைத்து மூடியது.

அந்த வீட்டுப் பூங்காவனத்துக்குக் கல்யாணமாகி வெகுநாளாகியும் குழந்தை இல்லை. குளவி மண்கூடு கட்டினால் வீட்டில் தொட்டில் ஆடும் என்பார்கள். அதனால் வெள்ளையடிக்க வந்தவர்களைக்கூட அவள் அந்தப் பக்கம் விடவில்லை. குளவிக்குத் தலைகால் புரியவில்லை!

ஒருநாள் கதண்டுகள் என்னும் பெருங்குளவிகள் சில வந்தன. "இங்கே தங்கலாமா?" என்று கேட்டன.

"தாராளமாக! குளவிக் கூட்டை இந்த வீட்டில் யாரும் கலைக்க மாட்டார்கள்!" என்றது மண்குளவி.

சுவரிலிருந்த பல்லி பதறியது. "அடி பைத்தியமே! அவை கதண்டுகள்! உன் கூடு வெறும் மண், வாசலில் காவல்கூட இல்லை. அவை மரத்தை மென்று பானை போலக் கட்டும். தொட்டால் கூட்டமே கொட்டும்!"

"இடுப்பைப் பார், என்னைப் போலவே! என் சொந்தம்தான். உன் சொல்லுக்கு மனிதர்கள் பலன் பார்க்கட்டும். நான் பார்க்க மாட்டேன்!"

மண்கூட்டை ஒட்டிக் கதண்டுக் கூடு பானையளவு பெருத்தது. அதுவும் குளவிக் கூடுதானே என்று பூங்காவனம் விட்டுவைத்தாள். ஒரு காலையில் அவள் சன்னலைத் திறந்தாள். கதவு கதண்டுக் கூட்டில் இடித்தது. அவ்வளவுதான், முகம், கை என்று மொய்த்துக் கொட்டித் தீர்த்தன. புருஷன் சடையப்பன் அவளைப் போர்வையில் சுற்றி இழுத்துப் போட்டான். பிறகு தீப்பந்தத்தோடு வந்து கதண்டுக் கூட்டைக் கொளுத்தினான்.

மண்குளவி அவன் முகத்தைச் சுற்றிச் சுற்றிக் கத்தியது. "என்னுடையது மண்கூடு! நான் யாரையும் கொட்டவில்லை! உள்ளே என் பிள்ளைகள்!" அவன் காதில் அது வெறும் ரீங்காரம்.

"அந்த மண்கூட்டை மட்டும் விட்டுடுங்க!" என்று வீங்கிய முகத்தோடு பூங்காவனம் கதறினாள்.

"எல்லாம் ஒரே குளவிதான்டி! உன் உசுரே போயிருக்கும்!" என்று பந்தத்தாலேயே ஓங்கி அடித்தான்.

மண் உதிர்ந்தது. வெள்ளைப் புழுக்களாக இருந்த குளவிப் பிள்ளைகள் சூட்டில் நெளிந்து அடங்கின. தப்பிய கதண்டுகள் வேறு இடம் தேடிப் பறந்தன. சொந்தம் என்று ஒன்றுகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

பூங்காவனம் உடைந்த மண்ணை முந்தானையில் அள்ளிக்கொண்டு அழுதாள். மண்குளவி கரிந்த சுவரில் உட்கார்ந்திருந்தது.

கொட்டும் கூட்டத்தைச் சொந்தமென்று பக்கத்தில் சேர்த்தால், கொட்டாதவர் வீட்டுக்கும் கொள்ளி வரும்.