ஓடு கழற்றிய நண்டு

ஆலடிக் குளத்துக் கரையில் கொடுக்கன் என்று ஒரு நண்டு இருந்தது. அது வளையை விட்டு வெளியே வந்தாலே தவளைகளுக்குக் கொண்டாட்டம்.

"கோணல் மாமா வர்றாரு, வழி விடுங்கடா!"

"எந்தப் பக்கம் விடறது? அவருக்கே தெரியாதே!"

கொடுக்கன் காதில் விழாதது போலப் போய்விடும். மனசுக்குள் மட்டும் அது முள்ளாகத் தைத்துக் கிடந்தது.

நண்டுக்கு உடம்பு பெருத்தால் பழைய ஓடு பத்தாது. வளைக்குள் போய்ச் சேற்றில் பதுங்கி, ஓட்டைக் கழற்றிப் போடும். புது ஓடு இறுகும்வரை வெளியே தலைகாட்டாது. அந்த மழைக்காலத்தில் கொடுக்கனும் அப்படித்தான் செய்தது. கழற்றிய ஓட்டைத் தண்ணீர் இழுத்து வளை வாசலில் போட்டுவிட்டது.

கண், கால், கொடுக்கு எல்லாம் அப்படியே இருக்கிறது. உள்ளே மட்டும் ஆளில்லை! தாவையன் என்கிற தவளை அதைப் பார்த்ததும், "ஐயையோ, மாமா செத்துப்போச்சே!" என்று ஒப்பாரி வைத்தது.

"யார்ரா அது, உயிரோட இருக்கிறவனுக்கு அழறது?" என்று வளைக்குள்ளிருந்து சத்தம் வந்தது.

தாவையன் எட்டிப் பார்த்தது. கொடுக்கன் வெளுத்துப்போய், ஈரத்தில் மினுமினுத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது.

"மாமா! உடம்பை இங்க விட்டுட்டு நீங்க வெளிச்சமா ஆயிட்டீங்களா?"

இல்லை என்று சொல்லத்தான் கொடுக்கன் வாயைத் திறந்தது. ஆனால் தவளை கை கூப்பி நின்றது. கொடுக்கனை அதுவரை யாரும் கும்பிட்டதில்லை.

"ஆமாடா," என்றது. "ஆயிட்டேன்."

பொழுது சாய்வதற்குள் குளமே வளை வாசலில் கூடிவிட்டது. தாவையன் புழு கொண்டுவந்து வைத்தது. கொடுக்கனுக்கு வாய் தானாக ஓடியது.

"ஓடுதான் இருட்டு! உள்ள இருக்கிறவன் வெளிச்சம்! மேல ஒரு சூரியன், உள்ள ஒரு சூரியன். ரெண்டும் முகம் பார்த்துக்கிட்டா ஓடு தானா கழண்டு விழும்!"

இதெல்லாம் எங்கிருந்து வருகிறது என்று அதற்கே ஆச்சரியம்.

பையம்மா என்கிற நத்தை கிட்டே ஊர்ந்து வந்தது. "தம்பி, பிறந்ததிலேருந்து இந்தப் பாரத்தைச் சுமக்கிறேன். ஒரு நாளாவது இறக்கி வைக்கணும். எனக்கும் விழுமா?"

கொடுக்கன் கூட்டத்தை ஒரு பார்வை பார்த்தது. கூட்டமோ அதையே பார்த்துக்கொண்டிருந்தது.

"விழும்க்கா. துவைக்கிற கல்லு மேல ஏறி, மூடியைத் திறந்து வச்சு, வெயிலை உள்ள வாங்கு. என்ன ஆனாலும் மூடாதே!"

நத்தைக்கு உயிரே ஓட்டின் வாயை அடைக்கிற அந்த மூடியில்தான் இருக்கிறது. வெயில் ஏறினால் அதைச் சாத்திக்கொண்டுதான் பிழைக்கும்.

மறுநாள் உச்சிவெயிலில் தாவையன் குதித்துக்கொண்டு வந்தது. "மாமா, பலிச்சிருச்சு! அக்காவுக்கு நுரை தள்ளுது! ஓடு கழலப் போகுது!"

"அடேய், அது காயுதுடா! தண்ணியில இறங்கச் சொல்லு, ஓடிப் போ!"

தாவையன் போன வேகத்தில் திரும்பியது. "தம்பி என்னைச் சோதிக்குது, நான் அசைய மாட்டேன்னு அக்கா சொல்லுது மாமா!"

கொடுக்கன் வாசலுக்கு வந்தது. கரையில் மடையான் பறவை கழுத்தை உள்ளிழுத்துக்கொண்டு நின்றது. ஓடு இறுகாத நண்டு என்றால் அதற்கு உரித்த வாழைப்பழம் மாதிரி. கொடுக்கன் ஓரடி வைத்தது, பின்வாங்கியது. கல்லின் மேல் வெள்ளையாக நுரை பொங்கிக்கொண்டிருந்தது. அதற்குமேல் நிற்க முடியவில்லை. கோணலாகவே ஓட்டம் பிடித்தது.

கல்லின் மேல் ஏறி நத்தையைத் தள்ளிப் பார்த்தது. கொடுக்கு ஈரத்துணி போல மடங்கியது.

"தம்பி... வெளிச்சம் வருதா?"

"பொய் சொல்லிட்டேன்க்கா! நான் ஓட்டைக் கழற்றினது இருட்டுல, சேத்துல! வெளிச்சமும் ஆகல, ஒண்ணும் ஆகல. உள்ள இன்னொரு ஓடுதான் முளைக்குது!"

நத்தை கொம்பை நீட்டி அந்த மடங்கின கொடுக்கைத் தடவிப் பார்த்தது. "அடப் பாவி! இந்த லட்சணத்துலயா வெளிய வந்த?" என்று சொல்லி, கல்லை விட்டுப் பிடி தளர்த்தி, மூடியைச் சாத்தியது. சாத்தியதும் உருண்டு தண்ணீரில் விழுந்தது. கொடுக்கனும் பின்னாலேயே குதித்தது. பாய்ந்து வந்த மடையானின் அலகில் மிஞ்சியது கொடுக்கனின் ஒரு கால்தான்.

பறவை விடவில்லை. கொடுக்கன் தண்ணீர் வழியாக வளைக்குள் புகுந்த பின்னும், வாசல் வரைக்கும் வந்து அலகை உள்ளே விட்டது. டொக்! ஏதோ கெட்டியாக இடித்தது.

"யாருய்யா அது? வீட்ல ஆள் இருக்கோம்ல!" என்றது பையம்மா. கொடுக்கன் பின்னாலேயே வந்து வாசலை அடைத்து உட்கார்ந்திருந்தது அது.

மடையான் பறந்து போனது. வெளியே தாவையன், "அப்போ உள்ள இருக்கிற சூரியன்?" என்று கேட்டது.

"எல்லாம் நானே கட்டின கதைடா," என்றது கொடுக்கன்.

"அப்போ நான் குடுத்த புழு?"

கொடுக்கன் நத்தையின் பக்கம் திரும்பி, "ஓடு பாரமா இருக்காக்கா?" என்று மெல்லக் கேட்டது.

"இருக்குதான்," என்றது நத்தை, வாசலை விட்டு அசையாமல். "உன் ஓடு இறுகற வரைக்கும் இது இங்கேயே இருந்துட்டுப் போகட்டும்."

தான் போகாத வழியை வெளிச்சம் என்று காட்டுகிறவன், தன்னை நம்பியவர் உயிருக்கே உலை வைக்கிறான்.