சபேசன் சாருக்கு வணக்கம்

“ஐடி கார்டைக் கழற்றி இப்படி வையம்மா. இந்த பஸ் டிக்கெட் தளத்துல ஒரு பக்கத்துலகூட உன் பேர் இல்லையே. வேலை செய்யாதவங்களுக்கு இங்கே என்ன இடம்?” என்றார் மேலாளர் சபேசன்.

தமயந்தி கார்டை அவர் மேசையில் வைத்தாள். பக்கங்களைச் செய்தவர்கள் மற்றவர்கள். மேல்பகுதி, அடிப்பகுதி என்று அத்தனை பக்கங்களும் எடுத்துக்கொள்ளும் பொதுக் கோப்புகளை எழுதியவள் அவள்.

“சோதனைத் தளத்துல என் வேலை இல்லாத பக்கம் ஒண்ணு காட்டுங்க சார். இப்பவே போயிடறேன்.”

“ஒண்ணு என்ன, அத்தனையும் காட்டறேன்.”

அவள் தன் இடத்துக்குப் போய் ஒரே ஒரு வரியைத் தட்டிவிட்டு வந்தாள். சபேசன் முன்பதிவுப் பக்கத்தைத் திறந்தார். உச்சியில் ‘சபேசன் சாருக்கு வணக்கம்’ என்று இருந்தது. கட்டணப் பக்கத்திலும் அதே வணக்கம். ரத்து செய்யும் பக்கத்திலும் அதே. மற்றவர்கள் எழுந்து வந்து அவர் பின்னால் நின்றார்கள்.

“இரு, புகார்ப் பக்கம் நானே செஞ்சது. அதுல ஒருத்தரும் கை வெச்சதில்ல” என்று அதைத் திறந்தார். அங்கேயும் வணக்கம்.

“இதுல எப்ப கை வெச்சே?”

“வைக்கல சார். உங்க பக்கமும் மேல்பகுதியை என் கோப்புலேர்ந்துதான் எடுக்குது.”

பின்னால் யாரோ சிரித்தார்கள்.

“கிளையண்ட் வர்ற நேரம். முதல்ல அதை எடும்மா.”

“என் வேலைதானே சார், எடுத்துடறேன்” என்று தமயந்தி திரும்பினாள். போகிற போக்கில் மேசையிலிருந்த கார்டை எடுத்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டாள்.