அணில் போட்ட தூக்க மார்க்

காட்டோரத்து இலுப்பை மரப் பொந்தில் ஓர் ஆந்தைக் குடும்பம் வசித்தது. ஆண் ஆந்தை பகலெல்லாம் அடித்துப் போட்டாற்போல் தூங்கும். இருட்டியதும் எலி பிடித்து வந்து குஞ்சுகளுக்கு ஊட்டும். பெண் ஆந்தை பொந்தைக் காவல் காக்கும்.

அதே மரத்துக்கு ஓர் அணில் குடிவந்தது. வனவிடுதியில் தங்கும் மனிதர்களைப் பார்த்துப் பழகிய அணில் அது.

"அண்ணே, நீங்க நல்லாத் தூங்குறீங்களா?"

"தூங்குறேனே!" என்றது ஆந்தை.

"அதை நீங்களே சொல்லக் கூடாது! விடுதிக்கு வர்றவங்க கையில ஒரு பட்டை கட்டியிருக்காங்க. அது மார்க் போட்டாத்தான் தூங்கினதா அர்த்தம். உங்களுக்கு நான் பார்த்துச் சொல்றேன்!"

மறுநாள் மாலை அணில் உதட்டைப் பிதுக்கியது. "நூத்துக்கு நாப்பதுதாண்ணே. ஆழ்ந்த தூக்கமே இல்லை!"

அதுவரை தெம்பாக இருந்த ஆந்தைக்கு உடனே தலை பாரமானது. அடுத்த பகலில் கண்களை இறுக மூடிக் கிடந்தது. சற்று நேரத்தில் ஒரு கண்ணைத் திறந்து, "இப்ப தூங்கிட்டேனா?" என்று கேட்டது.

"எங்கே! பேசுறீங்களே!" என்றது அணில்.

இப்படியே இருந்த தூக்கமும் போயிற்று. அணில் வைத்தியமும் பார்த்தது. ஆந்தைக்குக் கண் சொருகும் நேரமாகப் பார்த்து உலுக்கி, "அண்ணே, தூக்கத்துக்கு வேப்பங்கொழுந்து சாப்பிடலையே!" என்று எழுப்பியது.

இரவில் ஆந்தை கிளையிலேயே தூங்கி வழிந்தது. எலிகள் மரத்தடியில் ஓடிப் பிடித்து விளையாடின. குஞ்சுகள் பசியில் கத்தின. கடைக்குட்டிக்குக் கத்தவும் தெம்பில்லை.

பெற்ற வயிறு எரிந்தது. விடிந்ததும் பெண் ஆந்தை, அணிலுக்கும் கேட்கும்படி கணவனிடம், "ஏங்க, வியாதி இந்த அணிலுக்குத்தான்! பகல் முழுக்க அது கண்ணையே மூடலை, கவனிச்சீங்களா? இன்னிக்கு நீங்க தூங்கவே கூடாது. அது எப்படித் தூங்குதுன்னு பார்த்து மார்க் போடுங்க!" என்றது.

"எனக்கா வியாதி?" என்று பதறிய அணில், அப்போதே கிளையில் படுத்துக்கொண்டது.

ஆந்தை எதிரில் உட்கார்ந்து விழித்துப் பார்த்தது. தூங்கியே ஆக வேண்டும் என்ற கவலை இப்போது அதற்கு இல்லை. வெயில் ஏறுவதற்குள் குறட்டை கிளம்பிவிட்டது. அணிலோ பொழுது சாயும்வரை புரண்டு புரண்டு படுத்தது.

இருட்டியதும் ஆந்தை சோம்பல் முறித்தது.

"அண்ணே, எனக்கு எவ்வளவு?" என்று கேட்டது அணில்.

ஆந்தைக்கு அது காதில் விழவில்லை. கொழுத்த எலி ஒன்றைக் கவ்விக்கொண்டு கடைக்குட்டியிடம் பறந்துகொண்டிருந்தது.

தன் உடம்பு சொல்வதை விட்டுவிட்டு அடுத்தவர் போடும் மார்க்கை நம்புகிறவன், இருக்கும் நிம்மதியையும் இழப்பான்.