தொட்டிக்கு வந்த வெள்ளைப் பறவை

வைத்தியலிங்கம் சீடராகச் சேர்ந்தபோதே குருவைவிட வயதில் மூத்தவர். வங்கியில் அடகுக்கு வரும் நகைகளை உரசிப் பார்த்தே தலை நரைத்தவர். மடத்துக்கு வந்த பிறகும் அந்தக் கை சும்மா இருக்கவில்லை. வாசலில் யார் வந்து நின்றாலும் நாலு கேள்வி கேட்டு, அசலா போலியா என்று பார்த்துவிட்டுத்தான் உள்ளே விடுவார். குரு மங்கையம்மா அதைப் பற்றி ஒன்றும் சொன்னதில்லை.

மடம் நகரத்தின் நடுவே, அடுக்குமாடிகளுக்கு இடையில் இருந்தது. முற்றத்துத் தண்ணீர்த் தொட்டிக்கு அணில், மைனா, கீரி எல்லாம் வந்து போகும். பெரிய பெயர் எதுவும் இல்லாத ஜீவன்கள் என்பதால் வைத்தியலிங்கம் அவற்றைச் சோதித்ததில்லை. அவை பிழைத்தன.

அந்தக் கோடையில் நகரத்து ஏரி வற்றிப்போனது. ஒரு மத்தியானம், நீண்ட கழுத்தும் தூய வெள்ளையுமாக ஒரு பறவை தொட்டியருகே இறங்கியது.

"ஐயோ, அன்னம்!" என்று மடத்தில் சமைக்கும் கோமளம் கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"இரும்மா, பார்த்துடலாம்" என்றார் வைத்தியலிங்கம்.

தொட்டியைப் பலகையால் மூடினார். பாலில் தண்ணீரைக் கலந்து ஒரு தாம்பாளத்தில் ஊற்றி வைத்தார். அன்னம் பாலை மட்டும் குடித்துவிட்டுத் தண்ணீரை விட்டுவிடும் என்று சிறுவயதிலிருந்து கேட்டு வந்தவர். இந்தப் பறவையோ தாம்பாளத்தையே காலி செய்துவிட்டு, இன்னும் இருக்கிறதா என்று அவரைப் பார்த்தது.

"சரிதான். வெறும் வாத்து!"

மேல்துண்டை வீசி விரட்டினார். பறவை மிரண்டு எழும்பியது. மதிலைத் தாண்டியதும் மின்கம்பியில் மோதித் தெருவில் விழுந்தது.

வைத்தியலிங்கம் ஓடினார். அதே துண்டில் ஏந்திக்கொண்டு வந்து முற்றத்தில் உட்கார்ந்தார். உயிர் போயிருந்தது.

சத்தம் கேட்டு மங்கையம்மா வெளியே வந்தார்.

"என்ன ஆச்சு, ஐயா?"

"நான்தாம்மா கொன்னுட்டேன். அன்னம்னா பாலைப் பிரிச்சுக் குடிக்கணுமே. இது பிரிக்கல. அதான் போலின்னு நெனச்சுட்டேன்."

மங்கையம்மா பக்கத்தில் உட்கார்ந்து, பறவையின் அலகைத் தன் புடவைத் தலைப்பால் துடைத்தார்.

"இது அன்னமா, வாத்தா? அதையாவது சொல்லுங்கம்மா."

"தட்டுல எவ்வளவு மிச்சம் வெச்சுது?"

"ஒரு சொட்டுகூட வெக்கல. பாலு, தண்ணி எல்லாத்தையும் குடிச்சிட்டுது."

"அப்போ அதுக்கு எவ்வளவு தாகம் இருந்திருக்கும், ஐயா?"